ஒரே ஒரு சேவ்

எனக்குப் பன்னிரண்டு வயதில் சித்தப்பா சிங்கப்பூரிலிருந்து ஒரு கையடக்க வீடியோ கேம் வாங்கி வந்தார். "ரெண்டு பேருக்கும்" என்று சொல்லித்தான் கொடுத்தார். எங்கள் பிரேசர் டவுன் வீட்டில் ரெண்டு பேர் என்றால் தம்பி ஒருவன்தான். அதன் திரையில் வெளிச்சம் கிடையாது. கரண்ட் போனால் நான் டார்ச் பிடிப்பேன், அவன் ஆடுவான். எனக்கும் வேண்டும் என்றால் அம்மா, "சின்னப் பையன்டி, ஸ்வல்ப அட்ஜஸ்ட் பண்ணிக்கோ" என்று கன்னடம் கலந்து சொல்வாள். எங்களுக்குள் ஒன்றரை வயதுதான் வித்தியாசம். அந்த ஆட்டத்தின் குகைகள் எல்லாம் எனக்கு மனப்பாடம். ஆனால் ஒரு தடவைகூட நான் பட்டனை அமுக்கியதில்லை.

நாற்பது தாண்டி, என் சம்பளத்தில் டிவியில் மாட்டுகிற கேம் கன்சோல் ஒன்று வாங்கினேன். "பாட்டனி வாத்தியாரம்மாவுக்கு இதெல்லாம் தேவையாடி?" என்றாள் அம்மா. தேவைதான். எமுலேட்டர் என்று ஒன்றை ஏற்றினால் பழைய கையடக்கக் கருவியின் ஆட்டங்கள் அதில் ஓடும் என்று என் மாணவி ஒருத்தி சொல்லியிருந்தாள். தம்பி கனடா போனபோது அலமாரியில் போட்டுவிட்டுப் போன அந்த ஆட்டத்தின் கேசட்டை எடுத்துக்கொண்டு சிவாஜிநகர் போனேன். அதிலிருந்த ஆட்டத்தைப் பென் டிரைவில் ஏற்றிக் கொடுத்த கடைக்காரர், "இதெல்லாம் யார் மேடம் இப்ப ஆடறாங்க?" என்றார். "நான்தான்" என்றேன்.

கன்சோலில் வேறு வேறு ஃபோல்டரில் போட்டு, அழித்து, மறுபடி போட்டு, மூன்று ஞாயிற்றுக்கிழமை மண்டை காய்ந்தது. நாலாவது வாரம் ஆட்டம் ஓடியது. எமுலேட்டரில் நினைத்த இடத்தில் நிறுத்தி எத்தனை பிரதி வேண்டுமானாலும் சேமித்துக்கொள்ளலாம். எனக்கு அது அழுகுணி ஆட்டமாகப் பட்டது. ஆட்டத்துக்குள் இருந்த ஒரே ஒரு சேவ் போதும், தம்பி ஆடிய மாதிரியே ஆடி முடிக்கிறேன் என்று வீம்பு. மூன்று மாதத்தில் கடைசிக் குகை மட்டும் மிச்சம் இருந்தது.

அப்போதுதான் தம்பி பத்து நாள் விடுப்பில் வந்தான். ஒரு நாள் நான் கல்லூரியிலிருந்து வந்து செருப்பைக் கழற்றுவதற்குள் டிவியில் அந்த இசை கேட்டது. முதல் குகையின் இசை.

"புது கேமாடா போட்டே? சேவ் பண்ணிட்டியா?"

"ஆமாக்கா. பழசு ஏதோ இருந்துச்சு, அது மேலேயே பண்ணிட்டேன். உன்னுதா? நீ எப்பக்கா இதெல்லாம் ஆடினே?"

என் மூன்று மாத ஆட்டம் அழிந்து போயிருந்தது. வாயில் வந்ததையெல்லாம் சொல்லிக் கத்தினேன். சமையலறையிலிருந்து அம்மா வந்தாள். "ரெண்டு வருஷம் கழிச்சு வந்திருக்கான், இதுக்கா கத்தறே? நீ இங்கேயேதானே இருக்கப் போறே. திரும்ப ஆடிக்கோ."

அவள் சொன்னது உண்மைதான், அதுதான் தாங்க முடியவில்லை. அவளுடைய பிரஷர் மாத்திரைக்கும் கண் ஆபரேஷனுக்கும் நான் இங்கேயேதான் இருந்தேன்.

நாலு நாள் அவனோடு பேசவில்லை. அவன் பாட்டுக்கு ஆடிக்கொண்டிருந்தான். ஊருக்குக் கிளம்புகிற அன்று காலை, கடைசிக் குகையில் மாட்டிக்கொண்டு கூப்பிட்டான். "அக்கா, இந்தக் கதவு எப்படித் திறக்கும்? உனக்குத் தெரியுமே."

தெரியாது என்று சொல்லியிருக்கலாம்.

"வலது பக்கம் மூணாவது கல்லைத் தள்ளு" என்றேன். கதவு திறந்தது. அம்மா அவன் தோளைத் தட்டிக்கொடுத்தாள்.