ஐந்தில் மைனஸ் ஒன்று போனால்

வங்காளத்தில், பவானிபூரில் நாங்கள் குடியிருந்தபோது எனக்குப் பதினொரு வயது. பெண்ணுக்குப் படித்தது போதும் என்று அப்பா முடிவுகட்டிவிட்டார். அம்மா மன்றாடியதில் ஒரு நிபந்தனையோடு இறங்கி வந்தார். ஞாயிறுதோறும் சிலேட்டை அவரிடம் காட்ட வேண்டும். கணக்கு சரியாக இருந்தால் அடுத்த வாரமும் பள்ளிக்கூடம் போகலாம். கிடர்பூரில் ஒரு கப்பல் கம்பெனியில் டைப் அடிப்பவர் அவர். இங்கிலீஷ் தானாகவே கற்றுக்கொண்டவர். கணக்கு மட்டும் நாலாம் வகுப்போடு சரி. அதை அவரிடம் சொல்ல வீட்டில் யாருக்குத் துணிச்சல்?

அந்த வாரம் டீச்சர் மைனஸ் எண்களைக் கழிக்கச் சொல்லிக்கொடுத்திருந்தார். வரிசையாக எழுதிக்கொண்டே போனால் விடை தானே வந்து நிற்கும் என்றார். எனக்கு அது ரொம்பப் பிடித்துப்போயிற்று. பெருமையாகச் சிலேட்டை நீட்டினேன்.

"அஞ்சுலேர்ந்து மைனஸ் ஒண்ணு போனா ஆறா? கழிச்சா குறையணுமோன்னோ? எப்படிடீ கூடும்?" என்றார் அப்பா.

"வரிசையாப் பாருங்கோப்பா. அஞ்சுல ரெண்டு போனா மூணு."

"சரி."

"ஒண்ணு போனா நாலு."

"சரி."

"ஒண்ணுமே போகலேன்னா அஞ்சு."

"சரி, அதுக்கென்ன இப்போ?"

"கழிக்கறது ஒவ்வொண்ணாக் குறையறது. விடை ஒவ்வொண்ணாக் கூடறது. பூஜ்யத்துக்கு அடுத்தது மைனஸ் ஒண்ணு. அப்போ விடை ஆறுதானேப்பா?"

அப்பா சிலேட்டையே பார்த்துக்கொண்டிருந்தார். புரிந்துவிட்டது என்றுகூட நினைத்தேன், அசடு. அவர் அம்மா பக்கம் திரும்பினார்.

"கேட்டியா? எடுக்க எடுக்கக் கூடுமாம். இதைக் கத்துக்கவா வண்டி வெச்சு அனுப்பறோம்? நாளையிலேர்ந்து போக வேண்டாம்."

"ஏன்னா, அந்த டீச்சரை ஒரு வார்த்தை கேட்டுட்டு..." என்று அம்மா ஆரம்பித்தாள். அப்பா ஒரு பார்வை பார்த்தார். அவள் அடுக்களைக்குள் போய்விட்டாள்.

நாலு என்று தப்பாக எழுதியிருந்தால் தலையாட்டியிருப்பார். எனக்கு இன்னொரு வாரம் கிடைத்திருக்கும். இன்றைக்கும் அதை நினைத்தால் பற்றிக்கொண்டு வருகிறது.

திங்கட்கிழமை பள்ளிக்கூடத்துக் குதிரை வண்டி வழக்கம்போல வாசலில் வந்து நின்றது. கூட வரும் வங்காளி ஆயா, "கூக்கி, எஷோ!" என்று, குழந்தே வா என்று அவள் பாஷையில், இரண்டு தடவை கூப்பிட்டாள். நான் ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றேன். கோபமும் அழுகையும் முட்டின. என்னால் ஆனது ஒன்றுமில்லை. வண்டி போய்விட்டது.

சிலேட்டை எடுத்துப் பார்த்தேன். அப்பா சரி என்று ஒப்புக்கொண்ட மூன்று வரிகளும் அப்படியே இருந்தன. நாலாவதை மட்டும் விரலால் அழித்திருந்தார்.