லூனாஸ் விருந்தில் ஒரு பிரேசில் பாட்டு

பிரேசில்காரர் என்று வால்மிரை அறிமுகப்படுத்தினார்கள். எங்கள் கோயில் இளைஞர் அணிக்குக் கால்பந்து சொல்லித்தர முடியுமா என்று நான் உடனே கேட்டுவிட்டேன். நாலு புத்தகம் படித்தவன் என்று இந்த மலேசிய ஊர் லூனாஸ் முழுக்கச் சொல்லித் திரிகிறவன் கேட்ட கேள்வி இது. வால்மிர் சிரிக்கவில்லை. "எனக்குப் பந்து பிடிக்காது. நான் ராக் பாடகன்" என்றார், வியாதியைச் சொல்வதுபோல.

எனக்கு உறைத்திருக்க வேண்டும். தஞ்சாவூரிலிருந்து வந்து இங்கே துணிக்கடையில் சேர்ந்த அன்றே என்னிடம், "ஊர்க்காரரா? நடிகருங்கள நேர்ல பாத்திருக்கீங்களா? சும்மா சொல்லுங்க லா" என்றார்கள். இல்லை என்றதும் முகம் சுருங்கியது. ஊரிலிருந்து இதைப் படிக்கிறவர்களுக்குச் சொல்கிறேன்: வந்தவனிடம் அவன் நாட்டைத்தான் விசாரிப்பார்கள், அவனை அல்ல.

வால்மிர் பதினேழு வயதில் குழு சேர்த்து, போலீஸ் அடியையும் தண்ணீர் வராத குழாயையும் பாட்டாக்கியவர். இசைத்தட்டு ஒன்று வந்தது; மைதானம் நிறைய ஆட்கள் கூடப் பாடியிருக்கிறார்கள். பிறகு குழு உடைந்தது. உல்லாசக் கப்பலில் அடுத்தவர் பாட்டை வாசிக்கும் வேலை. அங்கே வரவேற்பு மேசையில் இருந்த தேவியைக் கட்டிக்கொண்டு, அவள் ஊரான லூனாஸில் கரையேறினார். இப்போது பிள்ளைகளுக்கு கிட்டார் சொல்லித்தருகிறார். பாமாயில் எடுக்கும் செம்பனைத் தோட்டத்தில் லாரி ஓட்டி ஓய்ந்த மாமனாருக்கு அது வேலையாகவே படவில்லை. "மருமவனுக்கு என்னா வேலைன்னு கேக்குறானுங்க தம்பி. நான் என்னாத்த சொல்ல?"

தேவியின் தம்பிக்குக் கல்யாண விருந்து. தமிழ்நாட்டுத் தமிழ் பேசுகிற பாவத்துக்கு எந்த விருந்துக்கும் நான்தான் அறிவிப்பாளர். வால்மிர் என்னிடம் கேட்டது ஒன்றுதான்: "என் பாட்டு. ஒன்றே ஒன்று, முழுசாக. மாமா கேட்க வேண்டும்." என் பொறுப்பு என்றேன்.

பாடினார். போர்த்துகீசியம் யாருக்கும் புரியவில்லை. ஆனாலும் என் மேசையில் கரண்டிச் சத்தம் நின்றது, எனக்குப் புல்லரித்தது. இரண்டாவது சரணத்தில் வாசலில் பரபரப்பு. சட்டமன்ற உறுப்பினர் வந்துவிட்டார், இங்கே ஒய்.பி. என்பார்கள். அவர் வந்தால் நடப்பது எதுவானாலும் நின்று, மேளம் முழங்க வேண்டும். கல்யாண வீட்டுக்காரர் ஒருவர் ஓடிவந்தார்: "அண்ணே, நிறுத்துங்க லா! ஒய்.பி. வெளிய நிக்கிறாரு!" பாட்டு முடியட்டும் என்று சொல்லியிருக்கலாம். வேலை பர்மிட்டில் வாழ்கிறவன் முதுகெலும்பு கொஞ்சம் வளைந்தேதான் இருக்கும். மைக்கைப் பிடித்து, "மாண்புமிகு..." என்று ஆரம்பித்துவிட்டேன். வால்மிர் உள்ளங்கையால் கம்பிகளை அமுக்கினார்.

ஒய்.பி. போனபின் மாமனார் பழைய சினிமாப் பாட்டு ஒன்றை எடுத்தார். கரோக்கே பெட்டி மக்கர் செய்தது. வால்மிர்தான் கிட்டாரோடு பின்னாலேயே போய், அவர் சுருதி தவறி விழுந்த இடத்திலெல்லாம் தாங்கிப் பிடித்தார். மண்டபமே கைதட்டியது. மாமனார் முதல்முறையாக மருமகன் தோளில் கைபோட்டார். எல்லோரும் சேர்ந்து படம் எடுத்துக்கொண்டபோது வால்மிர் சிரித்தபடிதான் நின்றார். கால் மட்டும், அறுந்துபோன அந்தச் சரணத்தின் தாளத்தைத் தரையில் தட்டிக்கொண்டிருந்தது.

மறுநாள் மாமனார் கடைக்கு வந்தார். மருமகனின் சொந்தப் பாட்டு எப்படி என்று கேட்டேன்.

"எந்தப் பாட்டு?"

"ஒய்.பி. வருவதற்கு முன்னால் பாடினாரே."

"ஓ, அதுவா? மைக் டெஸ்ட்டுன்னுல்ல நெனைச்சேன். நல்லவேளை தம்பி, நீங்க போயி நிறுத்துனீங்க."