உடல் இல்லாத புதைகுழி

அக்கா என்று நான் அழைத்தவரைப் பற்றி நேரில் கண்டதையும் கேட்டதையும் மட்டுமே இங்கே எழுதுகிறேன். போரின் இறுதி நாள்களில் படையினரிடம் சரணடைந்த அவருடைய கணவரை அந்த முகாமில் கண்டோம், இந்தச் சிறையில் கண்டோம் என்று வந்த செய்திகள் ஒவ்வொன்றும் அக்காவை எழுப்பி உட்காரவைத்துப் பின்னர் வீழ்த்தின. புலம்பெயர்ந்து வந்த ஊரான அஜின்கோர்ட்டில் அவர் வீட்டின் கீழ்த்தளத்தில் குடியிருந்த நான் அதைப் பார்த்தவன். உறுதிப்படாத ஒரு சொல்லையும் அவரோடு சேர்க்க எனக்கு மனமில்லை.

ஆவணப்படம் எடுப்பது அவர் தொழில். ஒலிப்பதிவு என் வேலை. மத்திய ஆசியப் பாலைவனத்தில் மிகப் பழைய இடுகாடு ஒன்றைப் படமாக்கச் சென்றிருந்தோம். மணல்மேட்டில் வெளிறிய மரக்கம்பங்கள் நெருங்கி நின்றன. காற்று ஓய்ந்த பொழுதுகளில் மணல் சரியும் ஒலி மட்டும் என் காதில் விழுந்தது. உடன் வந்த அகழாய்வாளர் ஒரு குழியைக் காட்டினார். தொலைவில் மாண்டு உடல் கிடைக்காதவர்களுக்கு மரத்தில் உருவம் செதுக்கி, உடுப்பு அணிவித்துப் புதைத்திருக்க வேண்டும் என்றார்.

அக்கா ஆங்கிலம் நன்கு அறிந்தவர். அடுத்த கேள்வியை மட்டும் என்னைக் கேட்கச் சொன்னார்.

“ஆள் பிறகு உயிரோட வந்து நிண்டா, உந்தக் கட்டையை என்ன செய்திருப்பினம் எண்டு கேள், தம்பி.”

எந்தக் குழியையும் அக்கால மக்கள் மீண்டும் தோண்டியதற்குத் தடயமில்லை என்பது மறுமொழி.

“அப்ப ஒருத்தரும் திரும்பி வரேல்லை,” என்றார் அக்கா. ஒலிப்பதிவை நிறுத்தச் சொன்னார்.

அவருடைய மாமியார் அருகிலுள்ள அஜக்ஸ் நகரில் இருந்தார். மகனுக்குக் கிரியை செய்துவிட வேண்டும் என்று ஆண்டுதோறும் மன்றாடியவர். அக்கா ஆண்டுதோறும் மறுத்தவர். பாலைவனத்திலிருந்து திரும்பிய அக்கா, “செய்வம் மாமி,” என்றார். உடல் இல்லையென்றால் தருப்பையால் உருச் செய்து எரிக்கலாம் என்றார் ஐயர். “அங்கை மரம், இங்கை புல்லு,” என்று அக்கா சிரித்தார். நாள் குறிக்கும் முன்னரே, அந்தக் குளிர்காலத்தில், மாரடைப்பால் இறந்தார்.

இறுதிக்கிரியை மண்டபத்தில், பெட்டியில் கிடந்தவரின் நெற்றியில் குங்குமம் இடுவதா வேண்டாமா என்று பெண்கள் தயங்கி நின்றனர். மாமியார் கைத்தடியை ஊன்றி எழுந்தார்.

“வையுங்கோ. என்ரை பிள்ளை செத்ததை ஆர் கண்டது?”

வைத்தார்கள்.

அக்கா சுமங்கலியாக இறந்தாரா, கைம்பெண்ணாக இறந்தாரா என்பது எனக்குத் தெரியாது. அவருடைய கணவர் எங்கே என்பது ஒருவருக்கும் தெரியாது.