வெயில் அளந்த சங்கம்

மதுரையில் சுவரில் ஒரு குமிழைத் தட்டினால் விளக்கு எரிகிறது என்று மாமா சொன்னபோது எங்களில் ஒருவரும் நம்பவில்லை. டவுன்காரர் அளந்துவிடுகிறார் என்று சிரித்தோம். அதே மாமா, ஏழு மலைக்கு அப்பால் ஒரு நாட்டில் வெயிலையெல்லாம் ஒரு சங்கம் பிடித்துக் குலுக்கையில் கொட்டி வைத்திருக்கிறது, நெல் அளப்பது போலப் படி வைத்து ஊருக்கு அளந்து கொடுக்கிறது, சங்கத்தாரைப் பகைத்துக்கொண்ட வீட்டுக்கு அரைப்படி வெளிச்சம்தான் என்று சொன்னதை அப்படியே நம்பினோம். திருமங்கலத்துக்கு மேற்கே எங்கள் ஊரில் அப்போது மின்சாரம் கிடையாது. நெல் கொட்டி வைக்கும் குலுக்கை எல்லார் வீட்டிலும் இருந்தது.

மாமா என் அம்மாவின் தம்பி. மதுரையில் சாமி படங்களுக்குச் சட்டம் அடித்துக் கண்ணாடி போடும் கடையில் வேலை. ஊருக்கு வரும்போதெல்லாம் உடைந்த முகக்கண்ணாடித் துண்டுகளை ஓரம் மழுக்கி எங்களுக்குக் கொண்டுவருவார். அவற்றை வைத்து நாங்களும் ஒரு சங்கம் தொடங்கினோம். மதுரைச் சீமையில் சங்கத்துக்கா பஞ்சம்? என் அக்கா தலைவி. பெரியப்பா மகனான அண்ணனும் நானும் அங்கத்தினர்கள். கண்ணாடியில் வெயிலைப் பிடித்து இருண்டு கிடக்கும் இடங்களுக்கு அனுப்புவது தொழில். மாட்டுக் கொட்டம், நெல் அறை, வாய் பிளந்து தூங்கும் பெரியப்பாவின் தொண்டை வரைக்கும் அளந்திருக்கிறோம். சட்டம் ஒன்றே ஒன்றுதான். வந்த வெளிச்சத்தை வந்த திசைக்கே திருப்பி அனுப்ப வேண்டும். திருப்பாதவருக்குச் சங்கத்தில் இடமில்லை. அதைப் போட்டவளே அக்காதான்.

அந்த வருஷம் அறுப்பு முடிந்த சமயத்தில் அக்கா பெரியவளானாள். காலையில் என்னோடு பாண்டி ஆடியவளைச் சாயங்காலம் தொடக்கூடாது என்றார்கள். முறைப்படி தாய்மாமன் வந்து, கொல்லை வேப்பமரத்தடியில் பச்சைத் தென்னங்கீற்றால் குச்சு கட்டினார். தலைக்குத் தண்ணீர் ஊற்றும் நாள் வரை அக்கா அந்தக் குடிசைக்குள்தான். தனித் தட்டு, தனிச் செம்பு, உளுந்தங்களி, நல்லெண்ணெய். காவலுக்கு அப்பாவின் அக்காவான அத்தை. குச்சுக்குள் இருப்பவள் கண்ணாடி பார்க்கலாகாது என்று அக்காவின் கண்ணாடித் துண்டையும் அத்தை வாங்கி வைத்துக்கொண்டாள்.

அண்ணன் உடனே சட்டம் பேசினான்.

"கண்ணாடி இல்லாதவ என்ன தலைவி? வெளிச்சம் அனுப்பிப் பாப்போம். தண்ணி ஊத்துற அன்னிக்குள்ள திருப்பலைன்னா நாந்தேன் தலைவரு."

எனக்கு அழுகை முட்டிக்கொண்டு வந்தது. அவன் தலைவனானால் முதல் வேலையாகப் பொடிசு என்று என்னை விலக்குவான். அக்காதான் என்னைச் சேர்த்துக்கொண்டவள்; அவள் இல்லாத சங்கத்தில் எனக்கு என்ன இருக்கிறது?

மறுநாள் அவன் வைக்கோல் படப்பில் ஏறி நின்று வெயிலைப் பிடித்தான். கிணற்றடியில் இருந்த நான் அதை வாங்கிக் குச்சுக்குத் திருப்பினேன். கீற்றில் கை நுழையும் அளவுக்கு ஓர் இடைவெளி இருந்தது. வெளிச்சம் அதன் வழியாக உள்ளே போயிற்று. வெளியே வரவில்லை. அதற்கடுத்த நாளும் அதே கதைதான். அண்ணன் அப்போதே தலைவன் நடை நடக்க ஆரம்பித்துவிட்டான்.

அந்த இடைவெளி அத்தையின் கண்ணில் பட்டது.

"கீத்துக் கட்டத் தெரியாட்டி ஆளு விட்டுக் கட்டிருக்கலாமுல்ல? எம்புட்டுப் பெரிய ஓட்டை!" என்றாள்.

"புள்ளைக்குக் காத்து வேணாமா மதினி?" என்று மாமா சிரித்துவிட்டுப் போய்விட்டார். அவருக்குக் கட்டத் தெரியாது என்றே நானும் நினைத்தேன்.

இதற்கிடையில் அக்கா சாம்பலும் புளியும் கேட்டு வாங்கித் தன் பித்தளைத் தட்டைத் தேய்க்கத் தொடங்கியிருந்தாள். வேளைக்கு வேளை தேய்த்தாள். அத்தைக்குப் பெருமை தாங்கவில்லை. கிணற்றடிக்கு வந்த பெண்களிடமெல்லாம், "சொல்லாமலே என்னமாத் தேய்க்குறா பாருங்க. போற வீட்டுல பேரெடுத்துருவா" என்றாள்.

தண்ணீர் ஊற்றுவதற்கு முந்தின நாள் காலை, நம்பிக்கை இல்லாமல்தான் வெளிச்சத்தை அனுப்பினேன். கிணற்றுச் சுவரில் மஞ்சளாக ஒரு வட்டம் வந்து விழுந்தது. நடுங்கிற்று, மேலே ஏறிற்று, கடைசியில் என் பாவாடையில் வந்து நின்றது. நான் போட்ட கூச்சலில் காக்கைகள் பறந்தன.

"பித்தளை வெளிச்சம் செல்லாது!" என்று அண்ணன் படப்பிலிருந்து கத்தினான்.

கொல்லை வாசலில் நின்றிருந்த மாமா தீர்ப்புச் சொன்னார்: "படிதாண்டா வேற. வெயிலு ஒண்ணுதேன்."

அன்று முழுவதும் எனக்குக் கால் தரையில் பாவவில்லை.

மறுநாள் தண்ணீர் ஊற்றி, குச்சைப் பிரித்து, அக்காவைப் பட்டுச் சேலையில் மணையில் உட்கார வைத்தார்கள். மாமா கொண்டுவந்த சீர்த்தட்டுகளில் பழம், பூ, சீப்பு, வளையல், இவற்றோடு உடையாத முழு முகக்கண்ணாடி ஒன்றும் இருந்தது. பெண்கள் சாப்பிடப் போனதும் அக்கா என்னைக் கூப்பிட்டு அதை என் கையில் வைத்தாள்.

"இனி நீயே வச்சுக்க. நீதேன் தலைவி."

ஊரிலேயே முழுக் கண்ணாடி வைத்திருக்கும் தலைவி நான்தான்! முற்றத்துக்கு ஓடி, வெயிலை வாரி, முதல் வெளிச்சத்தை அக்காவுக்கே அனுப்பினேன். நிலைப்படிக்கு உள்ளே நின்றிருந்தவளின் முகத்தில் அது போய் விழுந்தது. பக்கத்திலேயே அவள் தேய்த்த தட்டு கிடந்தது. குனிந்து எடுக்கப் போனாள். "வாசப்பக்கம் நிக்காத தாயி" என்று அத்தையின் குரல் கேட்டது. அக்கா நிமிர்ந்துகொண்டாள். வெளிச்சம் திரும்பி வரவில்லை.

சட்டப்படி அவளுக்குச் சங்கத்தில் இனி இடமில்லை. தலைவி நானல்லவா, மன்னித்துவிட்டேன். அவள் கண் கலங்கியிருந்தது. கண்ணாடி பெரிது, வெளிச்சம் கூடிப்போய்க் கூசுகிறது போலிருக்கிறது, நாளைக்கு அரைப்படியாகக் குறைத்து அனுப்ப வேண்டும் என்று நினைத்துக்கொண்டேன்.