பிராகில் சேனாபதி நடந்த தூரம்

அமெரிக்காவில், நியூ ஜெர்சியின் பார்சிப்பனியில் எங்கள் வீட்டிலிருந்து மூன்றாவது வீடு சேனாபதியுடையது. கோபிச்செட்டிபாளையத்துக்காரர். ஒரு இன்சூரன்ஸ் கம்பெனியின் கம்ப்யூட்டர் பிரிவில் வேலை பார்த்தார். கெட்டவர் என்று சொல்ல மாட்டேன். கெட்டவராக இருப்பதற்குக்கூடக் கொஞ்சம் முயற்சி வேண்டும். இவர் எந்த முயற்சியும் செய்யாமலே தன்னைப் பெரிய ஆள் என்று நம்பிக்கொண்டிருந்தார். அந்த நம்பிக்கைக்கு ஒரு காரணம் அகப்படாமல்தான் ரொம்ப நாள் அல்லாடினார். வீடு எங்கள் எல்லோரிடமும் இருந்தது. கிரீன் கார்டும் இருந்தது. ஜப்பான் காரும் இருந்தது. 1997 அக்டோபரில் அவருக்கு அந்தக் காரணம் கிடைத்தது. செக் நாட்டுத் தலைநகர் பிராக்.

அவர் மனைவி தனபாக்கியம் தாராபுரத்துப் பெண். ஈரோட்டில் தாவரவியல் படித்தவர். இங்கே ஒரு பல் டாக்டரின் கிளினிக்கில் முன் மேசையில் வேலை. வலிக்கவில்லை என்று பொய் சொல்லும் ஆட்களை நாள் முழுக்கப் பார்த்துப் பழகியவர் என்பதால் அதிகம் பேச மாட்டார். அவரும் என் மனைவி கலாவதியும் சாயங்காலம் சேர்ந்து வாக்கிங் போவார்கள். நான் சொல்லப்போவதில் பாதி நானே பார்த்தது. மீதி, தனபாக்கியம் கலாவதியிடம் சொல்லி, கலாவதி என்னிடம் சொன்னது.

சேனாபதியின் கம்பெனிக்குப் பிராகில் ஒரு சின்ன ஆபீஸ் இருந்தது. அங்கே ஏதோ புரோகிராமை நிறுவிக் கொடுக்க ஒரு வாரம் அனுப்பினார்கள். முதலில் போக வேண்டிய வெள்ளைக்காரருக்கு முதுகு பிடித்துக்கொண்டதால் இவருக்கு வந்த வாய்ப்பு அது. இந்தத் தகவலைச் சேனாபதி யாரிடமும் சொன்னதில்லை. மனைவியையும் கூட்டிக்கொண்டு போனார். மகள் வெண்பா அந்த வாரம் எங்கள் வீட்டில் இருந்தாள்.

கடைசி நாள் அவருக்கு ஓய்வு. ஹோட்டலில் ஒரு நோட்டீஸ் ஒட்டியிருந்தது: பழைய நகரத்தை இரண்டு மணி நேரத்தில் நடந்தே பார்க்கலாம், வழிகாட்டி உண்டு. தனபாக்கியம்தான் போகலாம் என்றார். சேனாபதி சரி என்றார், ஆனால் ரப்பர் ஷூ போட மறுத்துவிட்டார். ஐரோப்பாவில் அப்படியெல்லாம் அலையக் கூடாதாம். கோட்டும், மாலில் பார்த்துப் பார்த்து வாங்கிய புதுத் தோல் ஷூவும் மாட்டிக்கொண்டு, தோளில் வீடியோ கேமராவுடன் கிளம்பினார்.

வழிகாட்டி பிளாங்கா என்ற வயதான அம்மாள். பள்ளிக்கூடத்தில் வரலாறு சொல்லிக்கொடுத்து ஓய்வு பெற்றவர். கூட்டத்தில் தன்னை அடையாளம் தெரிய, சுருட்டிய செய்தித்தாளைத் தலைக்கு மேலே பிடித்துக்கொண்டு முன்னால் நடந்தார். ஒவ்வொருவரிடமும் எந்த ஊர் என்று கேட்டார். சேனாபதி அமெரிக்கா என்றார். அதற்கு முன்னால் என்று அந்த அம்மாள் கேட்க, நியூ ஜெர்சி என்றார். பிளாங்கா அவரைக் கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு அடுத்தவரிடம் போனாராம்.

பிராகின் பழைய தெருக்களில் தார் கிடையாது, கல் பாவியிருப்பார்கள். புது ஷூவுக்கு அதைவிடக் கெட்ட இடம் கிடையாது. முதல் தெருவிலேயே சேனாபதி நொண்டத் தொடங்கினார். நொண்டுவதை மறைக்க விமர்சனம் செய்தார். தஞ்சாவூரில் இல்லாத கோபுரமா என்றார். தேவாலயத்தைப் பார்த்து, சுண்ணாம்பு அடித்தே ரொம்ப நாள் இருக்கும் போலிருக்கிறது என்றார். தமிழில்தான் சொன்னார், ஆனாலும் குரலின் தொனி எந்த மொழிக்காரருக்கும் புரியும். பிளாங்கா திரும்பிப் பார்ப்பதை நிறுத்திவிட்டார்.

சதுக்கத்தில் ஒரு பழைய கடிகாரம் இருக்கிறது. மணி அடிக்கும்போது ஒரு எலும்புக்கூட்டுப் பொம்மை கயிற்றை இழுக்கும், மேலே சின்ன ஜன்னல்கள் திறந்து புனிதர்களின் பொம்மைகள் வரிசையாகப் போகும். கூட்டமே தலையைத் தூக்கிப் பார்த்துக்கொண்டிருந்தபோது, சேனாபதி இவ்வளவுதானா என்று கேட்டுவிட்டு, எதிரே பந்தல் போட்டிருந்த ஒரு காப்பிக் கடையைப் பார்த்தார். கேமராவைக் கழற்றி மனைவியின் தோளில் மாட்டினார்.

"எனக்கு ஷூ கடிக்குது புள்ள. இனி என்னத்த இருக்கப் போவுது, எல்லாம் கல்லும் செவுருந்தான். நீ போயி எல்லாத்தயும் கவர் பண்ணிட்டு வா."

தனபாக்கியம் போனார். கையில் பிடித்த கேமராவோடு, மற்றவர்களோடு சேர்ந்து நகரம் முழுக்க நடந்தார். சேனாபதி உட்கார்ந்திருந்தார். அவர் பிராகில் நடந்த தூரம், எங்கள் வீட்டிலிருந்து தபால் பெட்டி வரைக்கும் போய்த் திரும்பும் தூரத்தைவிடக் கொஞ்சம் அதிகம், அவ்வளவுதான்.

மனைவி திரும்பி வந்தபோது அவர் ஷூவைக் கழற்றிவிட்டு, சாக்ஸோடு காலை எதிர் நாற்காலியில் நீட்டியிருந்தார். என்ன பார்த்தாய் என்று கேட்கவில்லை. எல்லாம் ரெக்கார்ட் ஆகியிருக்கிறதா என்று மட்டும் கேட்டார்.

ஊருக்குத் திரும்பி வந்த சேனாபதி வேறு ஆள். எதைப் பார்த்தாலும் முகம் சுளித்தார். அமெரிக்காவில் சரித்திரமே கிடையாது என்றார். பக்கத்து ஊரான எடிசனில் நம்மவர்கள் கடைகள் நிறைந்த ஓக் ட்ரீ ரோட்டைச் சந்தைக்கடை என்றார். அந்தச் சந்தைக்கடையில் சனிக்கிழமை தவறாமல் முருங்கைக்காய் பொறுக்கிக்கொண்டிருப்பவர் அவர்தான். எங்கள் வீட்டுக்கு வந்து காப்பியை ஒரு வாய் குடித்துவிட்டு, ஐரோப்பாவில் காப்பி குடித்த நாக்குக்கு இது கஷ்டம் என்று கலாவதியிடமே சொன்னார். கலாவதி டம்ளரைத் திருப்பி எடுத்துக்கொண்டு போய்விட்டாள்.

பிறகு அந்த வீடியோ. தன் வீட்டு பேஸ்மென்ட்டில் பெரிய டிவி வைத்திருந்தார். மாதம் ஒரு முறை யாராவது நாலைந்து குடும்பத்தைச் சாப்பிடக் கூப்பிடுவார். சாப்பிட்டு முடிந்ததும் தப்பிக்க முடியாது. சத்தத்தை முழுக்கக் குறைத்துவிட்டு, டிவிக்குப் பக்கத்தில் நின்றுகொண்டு அவரே விளக்கம் சொல்வார். சத்தம் வைத்தால் வழிகாட்டியின் உச்சரிப்பு நமக்குப் புரியாதாம். படத்தில் நீங்கள் எங்கேயுமே இல்லையே என்று ஒரு தடவை எங்கள் தெரு மணியன் கேட்டார். கேமரா பிடிக்கிறவன் எப்படிப் படத்தில் வருவான் என்றார் சேனாபதி. எல்லோரும் சிரித்தோம். தனபாக்கியம் தட்டுகளை அடுக்கிக்கொண்டிருந்தார்.

அந்தக் கூட்டத்தைப் பற்றியும் சொல்லித்தான் ஆக வேண்டும். பொறியியல் படித்தவர்கள், டாக்டர்கள், ஒருவராவது ஒரு புத்தகத்தைத் திறந்து பார்த்திருந்தால் போதும். யாருக்கும் அக்கறை இல்லை. பிரியாணி நன்றாக இருந்தது, அதனால் பிராகும் நன்றாக இருந்தது. நாங்கள் கைதட்டித்தான் அவரை அவ்வளவு தூரம் வளர்த்தோம்.

ஒரு நாள் வெண்பாவிடம், அப்பா ஊரில்தானே இருக்கிறார் என்று சும்மா விசாரித்தேன். அவள் பஸ்ஸுக்குக் காத்துக்கொண்டிருந்தாள்.

"ஹி இஸ் ஸ்டில் இன் பிராக், அங்கிள்" என்றாள்.

1999 பொங்கல் சமயம். மறுபடியும் பேஸ்மென்ட், மறுபடியும் வீடியோ. அன்றைக்கு மீனாக்ஷி என்ற புதுப் பெண் வந்திருந்தார். கணவர் வேலை மாறியதால் சான் ஹோசேயிலிருந்து அப்போதுதான் குடிவந்தவர்கள். அவருக்கு இந்தப் படத்தைப் பார்த்துப் பழக்கமில்லை, அதனால் உண்மையிலேயே பார்த்துக்கொண்டிருந்தார். கடிகாரக் கோபுரத்துக்கு மறுபக்கத்துத் தரை வந்தது. கல்லுக்கு நடுவே வெள்ளையாகச் சிலுவைகள். கேமரா அவற்றின் மேல் மெதுவாக, ஒன்றுவிடாமல் போய்க்கொண்டிருந்தது. அது என்ன அங்கிள், எதுக்குத் தரையில சிலுவை என்று மீனாக்ஷி கேட்டார்.

சேனாபதி யோசிக்கவே இல்லை. உலகப் போரில் அந்த இடத்தில் குண்டு விழுந்தது, விழுந்த இடத்தையெல்லாம் அடையாளம் போட்டு வைத்திருக்கிறார்கள் என்றார். எவ்வளவு சிரத்தை பாருங்கள் அந்த மக்களுக்கு, என்று வேறு சேர்த்துக்கொண்டார்.

தனபாக்கியம் பாயசத் தட்டோடு மாடிப்படியில் இறங்கி வந்துகொண்டிருந்தார். கடைசிப் படியிலேயே நின்றார்.

"குண்டெல்லாம் விழுகலீங்க மீனாக்ஷி. அந்த எடத்துல இருபத்தேழு பேர வெட்டியும் தூக்குல போட்டும் கொன்னாங்க. ராஜாவ எதுத்தவங்க. ஆளுக்கொரு சிலுவை."

பாயசத்தை ஒவ்வொருவருக்கும் கொடுத்துக்கொண்டே மீதியையும் சொன்னார். நானூறு வருஷத்துக்கு முந்தைய கதை அது. பன்னிரண்டு பேரின் தலைகளை ஆற்றுப் பாலத்துக் கோபுரத்தில் தொங்கவிட்டார்களாம். பத்து வருஷம் தொங்கியதாம். ஊர் ஜனங்கள் அதற்குக் கீழேதான் தினமும் சந்தைக்குப் போய் வந்தார்கள். கொல்லப்பட்டவர்கள் வீட்டுப் பெண்கள் என்ன ஆனார்கள் என்று தான் பிளாங்காவிடம் கேட்டதாகவும், ஒருவருடைய தலையை மட்டும் அடுத்த வருஷம் குடும்பத்திடம் திருப்பிக் கொடுத்தார்கள் என்று அவர் சொன்னதாகவும் சொன்னார். அந்தக் கேள்வியை இதுவரை யாரும் கேட்டதில்லை என்று சொல்லி, பாலம் முடியும்வரை பிளாங்கா இவரோடுதான் நடந்து வந்தாராம்.

சேனாபதி ரிமோட்டால் படத்தை நிறுத்தினார். சிரிக்கப் பார்த்தார்.

"இவளுக்கு ஒண்ணும் சரியா ஞாபகம் இருக்காதுங்க. எதையாவது படிச்சுட்டு மிக்ஸ் பண்ணிக்குவா."

தனபாக்கியம் கடைசிக் கிண்ணத்தைக் கணவரிடமே நீட்டினார். குரல் ஏறவில்லை.

"நீங்க அங்க வரவே இல்லீங்க. காப்பிக் கடையில உக்காந்திருந்தீங்க."

சொல்லிவிட்டு மேலே போய்விட்டார். நாங்கள் பாயசத்தைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தோம். மணியன்தான் முந்திரி நன்றாக வறுபட்டிருக்கிறது என்று ஆரம்பித்து வைத்தார். அவரவர் கோட்டை எடுத்து மாட்டிக்கொண்டு, வாசலில் சேனாபதியின் கையைக் குலுக்கிவிட்டுக் கிளம்பினோம். அவர் நடந்த தூரத்தின் முழு விவரமும் மறுநாள் வாக்கிங்கில்தான் கலாவதிக்குத் தெரிந்தது.

இதோடு அந்த மனுஷன் அடங்கியிருப்பார் என்று நினைத்தால், அவரைத் தெரியாதென்று அர்த்தம். வெட்கம் வருவதற்கும் ஒரு தகுதி வேண்டும். ஒரு மாதம் வாயைத் திறக்கவில்லை. பிறகு, ரெண்டு பேரும் ஆளுக்கொரு பக்கம் பிரிந்து போய் நகரத்தைப் பார்த்தோம் என்று ஒரு புதுக் கதை கிளம்பியது. அது பார்சிப்பனியில் எடுபடாததால், கேசட்டை எடுத்துக்கொண்டு எடிசன் பக்கம் போனார். அங்கே புதிதாக வந்து இறங்கிய பையன்கள் வாடகை வீடுகளில் கூட்டமாகக் குடியிருந்தார்கள். அவர்களுக்குப் பிராகும் தெரியாது, தனபாக்கியத்தையும் தெரியாது. நல்ல மரியாதை கிடைத்ததாகக் கேள்வி.

தனபாக்கியம் சண்டை போடவில்லை. எப்போதும் போலச் சமைத்தார், வேலைக்குப் போனார். ஆனால் கணவர் கூப்பிடும் விருந்துகளுக்குச் சமைப்பதை நிறுத்திவிட்டார். விருந்தும் நின்றது. நூலகத்திலிருந்து புத்தகம் எடுத்து வந்து, சாப்பாட்டு மேசையில் அவருக்கு எதிரேயே உட்கார்ந்து படிப்பார். என்ன புத்தகம் என்று அவர் கேட்டதில்லை.

2001 ஏப்ரலில், வெண்பா காலேஜுக்குப் போன பிறகு, தனபாக்கியமும் கலாவதியும் போலந்தில் கிராகோ என்ற ஊருக்கு டிக்கெட் எடுத்தார்கள். அங்கேயும் பழைய நகரத்தை நடந்து பார்க்கும் சுற்றுலா இருந்தது. சேனாபதியிடம் தனபாக்கியம் தேதியை மட்டும் சொன்னாராம். அவர் கேட்ட ஒரே கேள்வி, தன் சாப்பாட்டுக்கு என்ன வழி என்பது. கலாவதியின் வீட்டுக்காரர் சமைப்பார் என்று பதில் வந்தது. என்னை யாரும் கேட்கவில்லை.

அந்த வாரம் முழுக்க அவர் என் வீட்டில்தான் சாப்பிட்டார். நேரத்துக்கு வந்து உட்காருவார். ரசத்தில் புளி தூக்கல் என்பார், சோறு குழைந்துவிட்டது என்பார், இரண்டாவது முறையும் போட்டுக்கொள்வார். கம்பெனியில் தன் தலைக்கு மேலே இருக்கிறவர்கள் எல்லாம் மடையர்கள் என்பார். நான் தலையாட்டிக்கொண்டே பருப்பு ஊற்றுவேன். இவரோடு எப்படித்தான் அந்தம்மா இத்தனை வருஷம் ஒரே மேசையில் சாப்பிட்டார் என்று எனக்கு ஆச்சரியமாக இருந்தது.

நான்காம் நாள் கலாவதி போனில் கூப்பிட்டாள். மழையிலும் இரண்டு சுற்றுலா போய்விட்டார்களாம், தனபாக்கியம் கேட்கிற கேள்விகளுக்கு வழிகாட்டிப் பையனால் பதில் சொல்லி மாளவில்லையாம். பின்னால் தனபாக்கியத்தின் சிரிப்பு கேட்டது. அப்படி ஒரு சிரிப்பு அவருக்கு உண்டென்று எனக்கு அதுவரை தெரியாது. சேனாபதி எதிரே உட்கார்ந்து கேட்டுக்கொண்டிருந்தார். போனைக் கொடுக்கட்டுமா என்று சைகை காட்டினேன். வேண்டாம் என்று கையை அசைத்தார்.

போனை வைத்த பிறகு கொஞ்ச நேரம் தட்டில் விரலால் கோடு போட்டுக்கொண்டிருந்தார்.

"அந்த பிராக் விஷயம்... அவ உங்க வூட்டுல எல்லாம் சொல்லியிருப்பா. என்னையப் பத்தி என்னங்க சொன்னா?"

எனக்கு ஒரு கணம் பாவமாகக்கூட இருந்தது. பொய் சொல்லலாமா என்று பார்த்தேன். அவருக்காகப் பொய் சொல்ல மனம் வரவில்லை.

"ஊரப் பத்தித்தான் நெறைய சொன்னாங்க. உங்களப் பத்தித் தனியா ஒண்ணும் சொல்லலீங்க" என்றேன்.

திட்டியிருந்தாலாவது சந்தோஷப்பட்டிருப்பார் போலிருந்தது. அப்புறம் மோர் இருக்கிறதா என்று கேட்டார். ஊற்றினேன். தண்ணியாக இருக்கிறது என்றார்.