முள் எடுத்த பழங்கள்

இது நடந்தது. கட்டுக்கதை என்று நினைப்பவர்கள் இரும்புலியூருக்குப் போய் அஃப்ஷான் வீட்டுச் சமையலறைச் சுவரைப் பாருங்கள். இரண்டு முறை பெயின்ட் அடித்தும் அந்தச் சிவப்பு போகவில்லை. பேய் வர நள்ளிரவாக வேண்டும் என்று யார் சொன்னது? இது வந்தது பட்டப்பகலில்.

போன ரமலான். அஃப்ஷானின் ஏழு வயது மகள் இரமுக்கு அன்று முதல் நோன்பு. சாயங்காலம் நோன்பு திறக்கச் சொந்தபந்தமெல்லாம் வரப்போகிறது. கடை சர்பத் எல்லோரும்தான் கொடுக்கிறார்கள், நம் வீட்டில் சப்பாத்திக்கள்ளிப் பழ சர்பத் என்று அஃப்ஷான் ஊரெல்லாம் சொல்லி வைத்துவிட்டாள். ரயில் பாதையை ஒட்டிய காலி மனையில் கள்ளி புதராக மண்டிக் கிடந்தது. காலையிலேயே இடுக்கியோடு போய் ஒரு வாளி பறித்து வந்தாள். கீழ்வீட்டுச் சாமுண்டீஸ்வரி அக்கா படிக்கட்டில் பார்த்துவிட்டு, ஒவ்வொரு பழத்தையும் பிளந்து நடுவில் இருக்கிற முள்ளை எடுத்துவிடு என்றாள். அந்தத் தெருவிலேயே பிறந்து வளர்ந்தவள். அஃப்ஷான் தலையை மட்டும் ஆட்டினாள். யூடியூபில் வந்த பெண் முழுசாக மிக்ஸியில் போட்டுத்தானே வடிகட்டினாள்? தனக்கு மட்டும் எதற்கு இந்த வேண்டாத வேலை?

மேல்முள்ளைத் தீயில் பொசுக்கி, பாதிப் பழத்தை அரைத்து, வெள்ளைத் துணியில் பிழிந்து, சர்க்கரை போட்டுக் காய்ச்சினாள். கண்ணைப் பறிக்கும் சிவப்பு. ருசி பார்க்கத்தான் வழியில்லை, வீட்டில் எல்லோருக்கும் நோன்பு. கணவன் உஸ்மான் கடையில் இருந்தான். இரம் ஹாலில் பாய் போட்டுத் தூங்கிக்கொண்டிருந்தாள். வாசல் கதவு உள்தாழ்ப்பாள். மீதிப் பழங்களைத் தட்டில் வைத்துவிட்டு அஃப்ஷான் உள்ளறைக்கு அஸர் தொழப் போனாள்.

தொழுகையின் நடுவில் அந்தச் சத்தம் கேட்டது.

சளக்...

சற்றுப் பொறுத்து மறுபடி... சளக்.

தொழும்போது திரும்பிப் பார்க்க முடியாது. குழாய் ஒழுகுகிறது என்று மனதைத் தேற்றிக்கொண்டாள். பிறகு யாரோ வெறுங்காலோடு ஹாலுக்குப் போவது போல இருந்தது. ஈரக்கால்.

முடித்ததும் சமையலறைக்கு ஓடினாள். தட்டிலிருந்த பழங்கள் எல்லாம் பிளந்து கிடந்தன. நடுமுள்கள் தனியாக, மேடையின் விளிம்பில் வரிசையாக இருந்தன.

ஹாலில் இரம் எழுந்து உட்கார்ந்திருந்தாள். உதடெல்லாம் சிவப்பு.

அஃப்ஷானுக்கு ஆத்திரம் கண்ணை மறைத்தது. வருகிறவர்கள் முகத்தில் எப்படி முழிப்பது என்றுதான் முதலில் தோன்றியது. முதல் நோன்பிலேயே திருட்டுத்தனமா என்று குழந்தையின் முதுகில் ஒன்று வைத்தாள்.

"நான் குடிக்கலம்மா."

"வாயைத் தொற."

இரம் திறந்தாள். அகலமாக. மிக அகலமாக...

நாக்கின் நுனியில் ஒன்றுமில்லை. சிவப்பு உள்கன்னங்களில் இருந்தது. தொண்டை வரைக்கும், கோடு கோடாக. தாடையில் ஒரு கட்டைவிரல் தடம்.

"அந்த ஆன்ட்டியும் இப்டித்தான் சொன்னாங்க. உள்ள கை விட்டுத் தேடினாங்க."

"எந்த ஆன்ட்டி?"

இரம் அம்மாவுக்குப் பின்னால் கை காட்டினாள்.

யாரும் இல்லை.

சமையலறைச் சுவரில் ஒரு கை. ஐந்து விரலும் பதிந்து, இன்னும் ஈரமாக...

அஃப்ஷான் தன் கையை அதன் பக்கத்தில் வைத்துப் பார்த்தாள்.

அது பெரிய கை.

வாசலில் தாழ்ப்பாள் போட்டபடியே இருந்தது.

சர்பத் முழுவதும் சிங்க்கில் போனது. எதையும் விழுங்கவில்லையே, நோன்பு முறியாது என்று உஸ்மான் சொன்ன பிறகுதான் இரம் அழுகையை நிறுத்தினாள். வந்தவர்களோடு பேரீச்சம்பழமும் தண்ணீருமாக நோன்பு திறந்தார்கள். அடித்த கையாலேயே அஃப்ஷான் மகளுக்கு ஊட்டினாள்.

மறுநாள் அஃப்ஷான் நடந்ததைச் சொன்ன பிறகுதான் சாமுண்டீஸ்வரி அக்கா வாய் திறந்தாள்.

"அந்த மனைல முன்னாடி குடிசைங்க இருந்துச்சு. ஒருத்தி புள்ளைக்கு இந்தப் பழத்தக் குடுத்துட்டா. முள்ளு தொண்டைல மாட்டிகிச்சு. வெரல வுட்டுத் தேடினா. கெடைக்கல."

பிள்ளை மடியிலேயே போய்விட்டது. அதற்குப் பிறகு தெருவில் எந்தக் குழந்தையைக் கண்டாலும் பிடித்து வாயைத் திறக்கச் சொல்வாளாம். சின்ன வயதில் அக்காவையும் ஒருமுறை பிடித்திருக்கிறாள். கடைசியில் ரயிலில் அடிபட்டுச் செத்துப்போனாள்.

"உம்பொண்ணுகிட்ட கேளு. தேடினது கெடச்சிச்சாமா?"

அஃப்ஷான் கேட்டாள்.

"இல்லம்மா. இன்னும் உள்ள இருக்கு, அப்புறம் வந்து எடுக்கறேன்னு சொன்னாங்க."

இப்போதும் சில நாள் தூக்கத்தில் இரம் தானாக வாயைத் திறக்கிறாள். அகலமாக. அஃப்ஷான் பக்கத்தில் உட்கார்ந்து, அது மூடும்வரை பார்த்துக்கொண்டே இருக்கிறாள்.