இடப்பக்கத்துக் கொம்பு

என் கணவர் பஸ் டிரைவர். அல்சூரிலிருந்து மார்க்கெட்டுக்கு அவர் வண்டி ஓட்டாத நாள் எனக்கு நல்ல நாளாக இருந்ததில்லை. வீட்டில் இருந்தால் அடுப்பங்கரையில் நின்று எனக்கே வழி சொல்வார். ஆயிரத்துத் தொள்ளாயிரத்து அறுபதுகளின் தொடக்கத்தில் ஒருநாள் காலை, பல் துலக்கிக்கொண்டிருந்தவர் பக்கவாதம் வந்து அப்படியே சாய்ந்துவிட்டார். இரண்டு மாதத்தில் கை வந்தது, கால் வந்தது, கோபமும் வந்தது. டாக்டர் ஒரு சீட்டு எழுதிக் கொடுத்தால் நாளைக்கே வண்டி எடுப்பேன் என்று குதித்தார்.

எல்லாம் வந்துவிடவில்லை என்பதை எனக்குச் சொன்னது அவருடைய தட்டு. வலப்பக்கம் துடைத்த மாதிரி காலியாகும். இடப்பக்கம் வைத்த பொரியல் வைத்தபடி இருக்கும். பிடிக்கவில்லை என்றால் வாயைத் திறந்து சொல்ல வேண்டியதுதானே என்று இரண்டு நாள் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டேன். மூன்றாம் நாள் எரிச்சலில் தட்டைத் திருப்பி வைத்தேன். இதை எப்போது வைத்தாய் என்று கேட்டு, ஒன்று விடாமல் சாப்பிட்டார். அதற்குப் பிறகு பாதிச் சாப்பாட்டில் தட்டைத் திருப்புவது என் வேலையாயிற்று. அவரிடம் ஒன்றும் சொல்லவில்லை.

ஆஸ்பத்திரியில் மூளை நரம்பு பார்க்கும் டாக்டர் சின்ன வயதுக்காரர், கன்னடக்காரர். எங்களுக்கும் கன்னடம் தண்ணீர் பட்ட பாடு. முதலில் படிக்கத் தெரியாதவர்களுக்கும் காட்டுகிற குறி அட்டையைக் காட்டினார். பொடிக் குறிகூட இவருக்குத் தெரிந்தது. அடுத்து, என் மூக்கையே பாருங்கள், எந்தக் கை விரல் ஆடுகிறது சொல்லுங்கள் என்றார். இவரா சும்மா இருப்பார்? வண்டிக் கண்ணாடியைப் பார்க்கிற பழக்கத்தில் தலையை லேசாகத் திருப்பித் திருப்பிச் சொல்லிவிட்டார். பென்சிலைக் கண்ணால் தொடரச் சொன்னபோது வலப்பக்கம் கண் ஓடியது. இடப்பக்கம் போகையில் நடுவிலேயே தங்கி, பிறகுதான் நகர்ந்தது.

டாக்டருக்குச் சந்தேகம். ஏதாவது படித்துக் காட்டச் சொன்னார். இவருக்குப் படிக்கத் தெரிந்தது தமிழ் மட்டும்தான். என் பையில் வேலூரிலிருந்து தங்கை எழுதிய கடிதம் இருந்தது. வாங்கி, கண்டக்டர் குரலில் உரக்கப் படித்தார்.

"மாமாவுக்கு வந்த நாய் எப்படி இருக்கிறது? சாறு இறங்குகிறதா?"

படித்துவிட்டு, என் தங்கைக்கு எழுத்தே சரியாக வராது என்று சிரித்தார். எனக்குச் சிரிப்பு வரவில்லை. நோய் என்று அவள் சரியாகத்தான் எழுதியிருந்தாள். அந்த எழுத்துக்கு இடப்பக்கம் இரட்டைக்கொம்பு, வலப்பக்கம் கால். இவருக்குக் கால் தெரிந்தது, கொம்பு தெரியவில்லை. நோய் நாயாயிற்று, சோறு சாறாயிற்று.

டாக்டருக்குத் தமிழ் தெரியாது. ஆனால் கன்னடத்திலும் நாய்க்கு நாயிதான். அந்த ஒரு சொல்லை மட்டும் பிடித்துக்கொண்டு என்னைப் பார்த்துக் கேட்டார்: "மனேலி நாயி இதெயா?"

வீட்டில் நாய் இருக்கிறது என்று நான் சொல்லியிருந்தால் சீட்டு கைக்கு வந்திருக்கும். இவர் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். சீட்டு என் பதிலில்தான் இருக்கிறது என்பது இவருக்கு அப்போதுதான் புரிந்தது என்று நினைக்கிறேன். பதினெட்டு வருஷம் ஓட்டியவர். காக்கிச் சட்டையைத் துவைத்து ஆணியில் மாட்டி வைத்திருந்தார். ஆனால் பஸ்ஸில் ஆள் ஏறுவதும் இறங்குவதும் இடப்பக்கம்.

"இல்ல டாக்டர். நாய் இல்ல. கடுதாசில இருக்கறது நோய்" என்று கன்னடத்தில் சொன்னேன். கொம்பை விரல் வைத்துக் காட்டினேன். டாக்டர் தன் பென்சிலால் அதை மறைத்துப் பார்த்தார். கண்ணில் கோளாறு இல்லை, மூளைதான் இடப்பக்கத்தை விட்டுவிடுகிறது என்று பொறுமையாக விளக்கினார். சீட்டு எழுதவில்லை.

பத்து நாள் என்னோடு பேச்சில்லை. தட்டைத் திருப்பினால் கையைத் தட்டிவிட்டார். பதினோராம் நாள் டெப்போவில் வேறு வேலை கேட்கப் புறப்பட்டார். துணைக்கு நானும் போனேன். இடப்பக்கம் நடந்தால் முறைத்தார். சரி, உங்கள் இஷ்டம் என்று வலப்பக்கம் மாறினேன்.

பஸ் ஸ்டாப்பில் ஒரு பள்ளிக்கூடத்துப் பெண் பஸ்ஸைப் பிடிக்க இவருக்கு இடப்பக்கமாக ஓடி வந்தாள். நேரே வந்தாள், பட்டப்பகலில். இவர் ஒதுங்கவே இல்லை. மோதி விழுந்து, எழுந்து, பாவாடையைத் தட்டிக்கொண்டு ஏறிப் போய்விட்டாள். இவர் நின்ற இடத்திலேயே நின்றார்.

"எங்கேர்ந்து வந்துச்சு அந்தப் பொண்ணு?"

பஸ் போன திசையைப் பார்த்தார்.

"அன்னிக்கு நாய் இல்லன்னு சொன்னியே" என்றார். "நல்ல வேள சொன்னே."

பிறகு என் கையைப் பிடித்து இழுத்து, தன் இடப்பக்கத்தில் நிறுத்திக்கொண்டு நடந்தார்.